ஆளில்லாத இடத்துக்கு ஒரு மன்னிப்பு

1

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பல்கலைக்கழக விடுதியில் இருந்து மகள் சாந்தி ரெலிபோன் எடுத்தாள். இந்த வெள்ளைக்கார நாட்டில் பதினெட்டு வயது தாண்டிய பிள்ளை ஞாயிற்றுக்கிழமை ரெலிபோன் எடுத்தால், லீவுக்கு வீட்டுக்கு வரமாட்டேன் என்று சொல்லப் போகிறது என்று அர்த்தம். ஆனால் அதைச் சொல்லுமுன் எங்கள் மனம் குளிர வேறு ஏதாவது ஒன்றைச் சொல்லும்.

"அப்பா, டிராமாவில எனக்கு மெயின் பாட் கிடைச்சிருக்கு."

"நல்லது பிள்ளை. என்ன பாட்?"

"அடிமை."

ரிசீவரை என் மனைவி மகேசுவிடம் கொடுத்துவிட்டுக் கதிரையில் இருந்தேன். அந்த வகுப்பில் எங்கள் நிறத்தில் இருக்கிற ஒரே பிள்ளை இவள்தான். மற்றதெல்லாம் பால் வெள்ளை. அடிமை வேடத்துக்கு ஆள் தேடியவர்களுக்குக் கண் எங்கே போயிருக்கும் என்று எனக்கு விளங்காமல் இல்லை.

சாந்தி படிப்பது லத்தீனும் பழைய ரோமாபுரிச் சரித்திரமும். கோயில் மண்டபத்தில் எங்கள் ஆட்கள், "மகள் என்ன செய்யிறா?" என்று கேட்பார்கள். "லத்தீன்" என்பேன். "ஓ, பார்மசிக்கோ?" என்று கேட்டுவிட்டு, தங்கள் பிள்ளைகளின் மருத்துவப் படிப்பைப் பற்றி அரை மணித்தியாலம் சொல்வார்கள்.

மகேசு ரெலிபோனை வைத்துவிட்டு வந்தாள். கண் கலங்கியிருந்தது.

"இஞ்சாருங்கோ, கோடை லீவு முழுக்கச் சிநேகிதிகளோட அங்கேயே நிக்கப் போறாளாம். போன லீவுக்கும் வரேல்ல. நீங்கள் நாடகத்துக்குப் போங்கோ. போய்ப் பிள்ளையைக் கையோட கூட்டிக்கொண்டு வாங்கோ. சும்மா வந்தால் எனக்குக் கெட்ட கோபம் வரும்."

ஆகவே எனக்குக் கிடைத்த கட்டளை ஒன்றே ஒன்று. பிள்ளையை வீட்டுக்குக் கொண்டுவருவது.

2

ஊரில் இருந்து இதை வாசிக்கிறவர்களுக்கு நாடகத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். இரண்டாயிரம் வருடத்துக்கு முந்திய ரோமாபுரி நகைச்சுவை நாடகங்கள் எல்லாம் ஏறக்குறைய ஒரே வார்ப்புத்தான். மேடை ஒரு தெரு. தெருவில் இரண்டு வீட்டு வாசல். ஒரு வீட்டில் கஞ்சக் கிழவர் ஒருவர். அவருடைய மகன் ஒரு பெண்ணைக் காதலிப்பான்; காதலிப்பதைத் தவிர அவனுக்கு வேறு தொழில் கிடையாது, பிரச்சினை வந்தால் அழுவான். வாய்ப்பேச்சில் ஊரையே வெட்டி விழுத்துகிற படைவீரன் ஒருவன் வருவான். ஓசிச் சாப்பாட்டுக்காக எல்லாரையும் புகழ்கிறவன் ஒருவனும் வருவான். இத்தனை பேரையும் தன் சுண்டுவிரலில் ஆட்டிவைப்பது அந்த வீட்டு அடிமை. கிழவரை ஏமாற்றி மகனுக்குப் பெண்ணை எடுத்துக் கொடுப்பான். கடைசியில் குட்டு வெளிப்படும். கிழவர் சவுக்கைத் தூக்குவார். பிறகு, கலியாண வீட்டில் எதற்குச் சண்டை என்று அடிமையை மன்னித்துவிடுவார். எல்லாரும் கை தட்டலாம்.

இதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று விளங்கப்படுத்துவதற்காகப் பெரிய பெரிய அறிஞர்கள் இருக்கிறார்கள். ஒரு பகுதி, இதெல்லாம் கிரேக்கரிடம் களவெடுத்தது என்கிறது. இவர்கள் ஒவ்வொரு பகிடியாகத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார்கள். நல்லது என்றால் கிரேக்கப் பகிடி, கூடாதது என்றால் ரோமப் பகிடி. இன்னொரு பகுதி, திருவிழா நாளில் உலகத்தைத் தலைகீழாக்கி அடிமையை மேலே வைத்தார்கள், அடுத்த நாள் அவன் பேசாமல் தண்ணீர் அள்ளப் போவான், அதற்காகத்தான் இந்த ஏற்பாடு என்கிறது. மூன்றாவது பகுதிக்கு அடிமை ஒரு புரட்சிக்காரன். நாலாவது பகுதி, எசமான்கள் சிரிப்பதற்காக எசமான்கள் காசில் போட்ட நாடகத்தில் புரட்சி எங்கிருந்து வரும் என்று கேட்கிறது. மேடையில் அடிமையாக நடித்தவனே உண்மையில் ஒரு அடிமையாக இருந்திருக்கலாம், பிழையாக நடித்தால் அடி விழுந்திருக்கலாம் என்பதை மட்டும் எல்லாப் பகுதியும் அடிக்குறிப்பில் ஒத்துக்கொள்ளும்.

சாந்தியின் பேராசிரியர் ஐந்தாவது பகுதி. அந்தப் பகுதியில் அவர் தனி ஆள்.

3

அடுத்த ரெலிபோனில் அவருடைய கொள்கையைச் சாந்தி எனக்கு விளங்கப்படுத்தினாள். அவளுடைய தமிழுக்கு அது பெரிய பாரம். பாதி ஆங்கிலம், பாதி மூச்சு.

"அப்பா, கடைசி சீனில கிழவர் மன்னிக்கிறார்தானே. ஆனா அடிமை அங்க இல்ல. அவன் அதுக்கு முந்தியே போயிட்டான். கிழவர் எம்ப்டி பிளேஸுக்குத்தான் மன்னிப்புக் குடுக்கிறார். மன்னிப்பு வாங்க அடிமைக்கு விருப்பமில்ல. அதுதான் பொயின்ற்."

"இது புத்தகத்தில இருக்கோ?"

"இல்ல. பேராசிரியர் கண்டுபிடிச்சது. அவர் யங்கா இருக்கேக்க நேவியில இருந்தவர். ஆசியாவில ஒரு ஹாபர். அங்க வில்லேஜ் ஆக்கள் இந்த டிராமாவைப் போட்டவையாம். அவைக்கு அந்தப் பழைய வழக்கம் எப்பிடியோ தெரிஞ்சிருக்காம். முதல்ல உள்ளுக்குள்ள இருந்து ஒரு ஹோர்ன் ஊதும். உடனே அடிமை பேச்சைப் பாதியில நிப்பாட்டுவான். குனிஞ்சு மேடையைத் தொட்டுக் கண்ணில ஒத்துவான். செருப்பைக் கையில எடுப்பான். சனத்துக்கு நடுவால நடந்து, திரும்பிப் பாக்காமப் போயிடுவான். நானும் அப்பிடித்தான் செய்யவேணும். மூண்டு கிழமையா அந்த நடையை மட்டும் பழக்குறார்."

ரிசீவரை மற்றக் காதுக்கு மாற்றினேன்.

"அப்பா? நிக்கிறீங்களா?"

"ஓம் பிள்ளை, நிக்கிறன்" என்றேன். நிற்க ஏலாமல் சுவரில் சாய்ந்திருந்தேன். அந்த நாடகத்தில் அழுகிற மகனாக நடித்தவன் நான்தான்.

4

வெள்ளைக்காரக் கடற்படை திருகோணமலையை விட்டுப் போகிற காலம் அது. எங்கள் பள்ளிக்கூடத்தில் சேவியர் மாஸ்டர் என்று ஒருவர் லத்தீன் படிப்பித்தார். சிங்களமா தமிழா என்று நாடே அடிபட்டுக்கொண்டிருந்தபோது, மனிதர் லத்தீனைக் காப்பாற்றப் புறப்பட்டார். வகுப்பில் பொடியன்கள் குறைந்துகொண்டே போனதால், லத்தீனிலும் பகிடி உண்டு என்று ஊருக்குக் காட்ட ஒரு ரோம நாடகத்தைத் தமிழாக்கினார். மேடையேற்றுவது என்று முடிவானது.

கிழவர் வேடத்துக்கும் படைவீரன் வேடத்துக்கும் அடிபிடி. தபாற்கந்தோர் செல்லத்துரையர் கிழவராகத் தெரிவானார். சவுக்கு இருக்கிறது, பட்டுச் சால்வை இருக்கிறது, வேறென்ன வேண்டும்? அடிமை வேடத்துக்கு மட்டும் ஒருவரும் இல்லை. "நாளைக்குக் கலியாணம் பேசி வாறவை என்ன சொல்லுவினம்?" என்று தாய்மார் சண்டைக்கு வந்தார்கள். சேவியர் மாஸ்டர் கடைசியில் துறைமுகத்தில் மூட்டை இறக்குகிற மாரிமுத்துவைப் பிடித்துக்கொண்டு வந்தார்.

மாரிமுத்து கட்டைபறிச்சான் ஊர் ஆள். விடிய மூதூர் லாஞ்சுப் படகில் குடாவைக் கடந்து வந்து, பொழுதுபடக் கடைசி லாஞ்சில் திரும்பிப் போவார். தன் ஊரில் கூத்தாடியவர். தொண்டை திறந்தால் கடைசி வரிசைக் கிழவிக்கும் கேட்கும். எழுதப் படிக்கத் தெரியாது, நான் வாசிக்க வாசிக்கக் கேட்டுப் பாடமாக்கினார். ஒத்திகை தொடங்கிய பிறகுதான் ஊர்ப் பெரியவர்களுக்கு ஒன்று வெளித்தது. நாடகத்தில் பாதி வசனம் அடிமைக்கு! செல்லத்துரையருக்கு முகம் கறுத்துப் போனது. ஆனால் அப்போது வேடத்தை மாற்றிக் கேட்கவும் வெட்கம்.

நாடகம் பின்னேரம் நாலு மணிக்கு. பிரதம விருந்தினர் ஐந்தரைக்கு வந்து, மாலை போட்டு, நாடகக் கலையைப் பற்றி அவரும் கொஞ்சம் பேசினார். முதல் வரிசையில் கடற்படை ஆட்கள் சிலர். அதில் ஒரு இளம் லெப்டினன்ட், கையில் பென்சிலோடு.

மாரிமுத்து மேடையில் ஏறியதில் இருந்து சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. செல்லத்துரையரைச் சுற்றிச் சுற்றி வந்து ஏமாற்றினார். நான் அழுதேன், அதற்கும் மாரிமுத்துவின் முகத்தைப் பார்த்துத்தான் சிரித்தார்கள். கடைசிக் காட்சிக்குக் கொஞ்சம் முன்னால், கடற்கரைப் பக்கமிருந்து கோர்ன் ஊதுகிற சத்தம் கேட்டது. கடைசி லாஞ்சு.

லாஞ்சு ஓட்டுகிற காசிம் காக்கா நல்ல மனிதர். மாரிமுத்து நாடகத்தில் நிற்கிறார் என்று தெரிந்து, வெளிக்கிடாமல் நின்று கோர்ன் அடித்துக்கொண்டிருந்தார். இரண்டாம் முறை கேட்டதும் மாரிமுத்து வசனத்தைப் பாதியில் விட்டார். கூத்தாடுகிறவர்கள் களரியை விட்டு இறங்கும்போது செய்வதுபோல் மேடையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றினார். மேடை ஓரத்தில் கழற்றி வைத்திருந்த செருப்பைக் கையில் எடுத்தார். போட்டுக்கொண்டு மணலில் ஓட ஏலாது. பின்வாசலால் போனால் சுற்று, அதனால் சனத்துக்கு நடுவே இறங்கி முன்வாசலால் விறுவிறென்று போய்விட்டார்.

செல்லத்துரையருக்கு ஒரு பழக்கம், பாடமாக்கியதை ஒப்புவித்தே தீருவார். மாரிமுத்து நிற்க வேண்டிய இடத்துக்கு நேரே போய், அங்கே இல்லாத தலையில் கையை வைத்து, "போ, உன்னை மன்னித்தேன்! இனி நீ என் வீட்டில் ஒருவன்!" என்று முழங்கினார். மண்டபம் அதிர்ந்தது. லெப்டினன்ட் எழுதினார், எழுதினார், எழுதிக்கொண்டே இருந்தார்.

5

சாந்தியின் நாடகம் ஒரு சனிக்கிழமை பின்னேரம். காலையிலேயே போய்விட்டேன். சாந்தி என்னைப் பேராசிரியரின் அறைக்குக் கூட்டிப்போனாள். தலை நரைத்திருந்தது, பென்சில் பேனையாகியிருந்தது. மற்றப்படி அதே லெப்டினன்ட்.

நான் யார் என்று சொன்னதும் எழுந்து வந்து இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "அழுகிற மகன்!" என்றார். உண்மையில் சந்தோசப்பட்டார். தேத்தண்ணி ஊற்றித் தந்தார். எனக்கே கொஞ்சம் பாவமாக இருந்தது. ஆனாலும் வந்த விசயத்தைச் சொன்னேன். கோர்ன் மூதூர் லாஞ்சின் கோர்ன். செருப்பு மணலுக்காக. சனத்துக்கு நடுவால் போனது இறங்குதுறைக்கு அது கிட்ட என்பதால். எழுதியவர் எழுதியபடி அடிமை கடைசிவரைக்கும் மேடையில்தான் நிற்கிறான்.

அவர் முகம் வாடும் என்று எதிர்பார்த்தேன். அது இன்னும் மலர்ந்தது.

"அருமை! வழக்கத்தைக் காப்பாற்றுகிறவர்களிடம் காரணம் கேட்டால் எப்போதும் இப்படி ஒரு நடைமுறைக் காரணம்தான் சொல்வார்கள். ரோம நடிகனைக் கேட்டிருந்தாலும் தனக்குப் படகு பிடிக்க வேண்டும் என்றுதான் சொல்லியிருப்பான்."

"இல்லை சேர், உண்மையிலேயே படகு பிடிக்க வேண்டும்."

"நிச்சயமாக" என்று என் தோளில் தட்டினார். "நீங்கள் உள்ளே இருந்தவர். உள்ளே இருக்கிறவருக்கு அமைப்புத் தெரியாது."

என் சொந்த ஊரில், என் சொந்தக் கண்ணால் கண்டதற்கு நான் தகுதியில்லாத சாட்சியாகிவிட்டேன். அவருக்கு ஒரு ஊரையே விளங்க ஒரு பின்னேரம் போதும். எனக்குப் பதினெட்டு வருடம் போதாதாம்.

6

சாப்பாட்டு மண்டபத்தில் சாந்தியும் நானும் எதிர் எதிரே இருந்தோம். அந்தப் பழைய நாடகக் கதையைச் செல்லத்துரையர், மாஸ்டர் எல்லாரோடும் முதன்முதலாக அவளுக்குச் சொல்லிவிட்டு, நான் இன்னும் கொதித்துக்கொண்டிருந்தேன்.

"கேட்டியே கதையை? லாஞ்சு எண்டு நான் சொல்லுறன், அமைப்பு எண்டு அவர் சொல்லுறார். படிச்ச மனுசன்!"

சாந்தி சிரிக்கவில்லை. முள்ளுக்கரண்டியால் உருளைக்கிழங்கைத் தள்ளிக்கொண்டிருந்தாள்.

"அப்பா, ஒண்டு கேக்கட்டா? அவர் அண்டைக்கு ராவு ஏன் அங்கேயே நிக்கேல்ல?"

"ஆர்?"

"மாரிமுத்து. அவர்தானே மெயின் அக்டர். டிராமா முடிய நிண்டிட்டு, காலமை லாஞ்சில போயிருக்கலாம்தானே."

"எங்க நிக்கிறது?"

"டவுனில. ஆரும் ஒராளின்ர வீட்டில."

நான் தேத்தண்ணியைக் குடித்தேன். அது ஆறியிருந்தது.

"அப்பிடி இல்லை பிள்ளை. அந்த நேரம் வீடுகளில இடவசதி இல்லை. அதுக்கெண்டு ஒரு முறை இருக்கு. முதலே சொல்லி ஒழுங்கு செய்யவேணும்."

சாந்தி நிமிர்ந்து பார்த்தாள்.

"இது நீங்கள் ஒஃபிஸில சொல்லுற கதை அப்பா."

இதை விளங்கப்படுத்த வேண்டும். எனக்கு வேலை இங்கே நகரசபையில், வீடு கேட்டு வருகிறவர்களுக்குப் பதில் சொல்கிற பகுதியில். வந்த புதிதில் என் பெயரையும் என் தகப்பனார் பெயரையும் இடம் மாற்றி எழுதி, என் அப்பு உயிரோடு இருந்தும் பெயரில் நானே அப்புவாகிவிட்ட அதே கட்டடம். இப்போது கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நான் இருக்கிறேன். இடமில்லை என்பதை ஒருவர் மனமும் நோகாமல் சொல்வதில் என்னை மிஞ்ச ஆளில்லை என்று என் மேலதிகாரி சொல்வார். வீட்டில் அதைப் பெருமையாக நடித்துக் காட்டியிருக்கிறேன்.

"செல்லத்துரையர் வீடு பெரிசோ?" என்று கேட்டாள்.

"பெரிசுதான்."

"மாஸ்டற்ற வீடு?"

"அவர் வீட்டிலயும் இடமிருந்தது. ஆனா ஊரில ஆக்களுக்குள்ள இன்ன ஆக்களை இன்ன இடத்தில எண்டு..." என் வாயிலேயே அது நின்றுவிட்டது. "நான் இறக்கக்கண்டியில இருந்து வந்து பள்ளிக்கூடப் போடிங் விடுதியில நிண்டனான். எனக்கு வீடில்லை."

"போடிங்கில ஒரு பாய் இல்லையா அப்பா?"

"உனக்கு எங்கட ஊரைத் தெரியாது!" என்று சத்தம் போட்டுவிட்டேன். பக்கத்து மேசைப் பிள்ளைகள் திரும்பிப் பார்த்தார்கள். சொன்ன பிறகுதான், சற்று முன் பேராசிரியர் எனக்குச் சொன்னதும் இதே 'தெரியாது'தான் என்று உறைத்தது. அதற்குள் அவள் எழுந்துவிட்டாள்.

"நான் உடுப்பு மாத்தவேணும். அம்மாட்டச் சொல்லுங்கோ, லீவுக்கு நான் வரேல்ல."

கோபம் வந்தது, வெட்கம் வந்தது. எது முதலில் வந்தது என்று இப்போதும் சொல்ல ஏலாது. மாரிமுத்துவை நான் இருபத்தைந்து வருடமாகச் சிரிப்புக் கதையாகவே சொல்லி வந்திருக்கிறேன். லாஞ்சு கோர்ன் அடிக்க ஆள் ஓடியது என்று சொன்னால் கலியாண வீடுகளில் என் வயதுக்காரர் எல்லாரும் சிரிப்பார்கள். ஏன் ஓடினார் என்று ஒருவரும் கேட்டதில்லை. அறிஞரும் கேட்கவில்லை.

7

மண்டபம் நிறைந்திருந்தது. நாடகம் ஆங்கிலத்தில், நடுநடுவே லத்தீன். பேராசிரியர் முதல் வரிசையில், மடியில் குறிப்புப் புத்தகத்தோடு. நான் மூன்றாம் வரிசை ஓரத்தில்.

என் பிள்ளையைப் பற்றி நானே சொல்லக்கூடாது, ஆனாலும் சொல்கிறேன்: நன்றாக நடித்தாள். வெள்ளைக்காரர் கதிரையில் இருந்து சரிந்து சரிந்து சிரித்தார்கள். கிழவராக வந்த பொடியனுக்கு ஒட்டுத் தாடி கழன்றபோது அதையும் பிடித்து ஒரு பகிடியாக்கினாள். அடிமைக்குத்தான் நாடகம் என்று அப்போது முழுசாக விளங்கியது. அவளுக்கு அந்த வேடம் எதற்காகக் கிடைத்ததோ தெரியாது. ஆனால் அதை அவள் தன்னுடையதாக்கிவிட்டாள்.

கடைசிக் காட்சி நெருங்கியது. உள்ளே கோர்ன் ஊதியது. சாந்தி வசனத்தைப் பாதியில் விட்டாள். குனிந்து மேடையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றினாள். செருப்பைக் கையில் எடுத்தாள். பேராசிரியர் மெல்லத் தலையாட்டினார்.

அவள் இறங்கவில்லை.

கோர்ன் மறுபடி ஊதியது. கிழவர்ப் பொடியனுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. பழக்கியபடி வெறும் இடத்துக்கு நேரே வந்து கையை நீட்டினான். சாந்தி நடந்து போய் அந்தக் கைக்குக் கீழே நின்றாள். அவன் திக்கித் திக்கி மன்னித்தான். இனி நீ என் வீட்டில் ஒருவன் என்றான். சனம் கை தட்ட ஆயத்தமானது.

சாந்தி செருப்போடு சனத்தின் பக்கம் திரும்பி, தமிழில் கேட்டாள்:

"அப்ப, இண்டைக்கு ராவு நான் எங்க படுக்கிறது?"

சனம் சிரித்தது. அதுவும் லத்தீன் என்று நினைத்திருப்பார்கள். அவள் சிரிக்கவில்லை, பதிலுக்குக் காத்து நின்றாள். அவ்வளவு பெரிய மண்டபத்தில் அவள் கேட்டது விளங்கிய ஒரே ஆள் நான்.

என்ன நினைத்து எழுந்தேன் என்று தெரியாது.

"எங்கட வீட்டில வந்து படு, பிள்ளை" என்றேன். பலமாகத்தான் வந்தது.

எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். பிறகு இன்னும் பலமாகச் சிரித்துக் கை தட்டினார்கள். மேடையில் சாந்தி செருப்பைக் கீழே வைத்தாள். "ஓம் அப்பா" என்றாள். திரை விழுந்தது.

வெளியே விறாந்தையில் பேராசிரியர் என்னைத் தேடி ஓடி வந்தார். முகம் சிவந்திருந்தது, பேனை திறந்திருந்தது.

"அந்தப் பதில்! அதை நான் அன்று கேட்கவில்லையே. அது சடங்கில் உள்ளதா? அதைச் சொல்லும் உரிமை யாருக்கு?"

"ஆரும் சொல்லலாம் சேர்" என்றேன். "அண்டைக்கு எங்கட ஊரில ஒருவரும் சொல்லேல்ல."

ஆங்கிலத்தில் சொல்ல நினைத்தது தமிழில் வந்துவிட்டது. உடுப்பு மாற்றிப் பையோடு வந்து நின்ற சாந்தி அதை ஆங்கிலத்தில் சொன்னாள். அவர் பேனையைத் தாளில் வைத்தார். எழுதவில்லை. கொஞ்ச நேரம் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, பேனையை மூடிச் சட்டைப்பையில் போட்டார்.